ஸ்பிரேயருக்கு நாலு செல்

கார்த்திகையில் சம்பாப் பயிரில் இலைச்சுருட்டுப்புழு தலைகாட்டும்போதுதான் பூதலூர்ப் பக்கத்து வீடுகளில் பரணிலிருந்து பேட்டரி ஸ்பிரேயர் கீழே இறங்கும். குறுவையோடு மேலே ஏறியது அது. சுவிட்சைப் போட்டால் மோட்டார் ஒருமுறை முனகிவிட்டு அடங்கிவிடும். ராத்திரி முழுக்கச் சார்ஜ் போட்டால் காலையில் பச்சை விளக்கு எரியும். வயலில் ஒன்றரை டேங்க் முடிவதற்குள் பனிபோல் விழ வேண்டிய மருந்து சொட்டுச் சொட்டாக ஒழுகத் தொடங்கும். புது பேட்டரியின் விலையைக் கேட்டுவிட்டு, பழைய கைத்தெளிப்பானையே மறுபடி தோளில் மாட்டிக்கொள்பவர்களும் உண்டு.

தவறு ஸ்பிரேயரில் இல்லை, டெல்டாவின் நாட்காட்டியில் இருக்கிறது. ஜூன் 12-ஐ ஒட்டி மேட்டூர் திறந்து, கல்லணைக்கு வந்த தண்ணீர் புதாற்றில் பிரிந்து பூதலூரைத் தொட்டுப் போகும். அதன் பிறகு குறுவை, சம்பா, தாளடி என்று வேலை ஓடும். ஆனால் மருந்தடிப்பு என்பது அந்த மாதங்களுக்குள் விட்டுவிட்டு வரும் சில நாட்கள்தான். மற்ற நாளெல்லாம் ஸ்பிரேயருக்குப் பரண்தான். பெரும்பாலான 16 லிட்டர் ஸ்பிரேயர்களின் அடியில் இருப்பது 12 வோல்ட், 8 ஆம்பியர்-மணி ஈய-அமில பேட்டரி. இந்த ஜாதி பேட்டரிக்குச் சும்மா கிடப்பதுதான் விஷம். சார்ஜ் தானாக இறங்க இறங்க, உள்ளே ஈயத் தகட்டில் சல்பேட் படிந்து இறுகிக்கொள்ளும். இறுகிய தகடு பிறகு சார்ஜை ஏற்காது. உழைத்துத் தேய்வதைவிடப் படுத்தே செத்துப்போகும் பேட்டரிகள்தான் இங்கே அதிகம்.

அந்தக் கறுப்புக் கட்டியை எடுத்துவிட்டு அதே இடத்தில் நாலு செல் கொண்ட லித்தியம் பேட்டரியை வைப்பதுதான் இந்த அத்தியாயத்தின் வேலை. வீட்டு இன்வெர்ட்டருக்கே பெரிய பேட்டரி கட்டிவிட வேண்டும் என்று துடிப்பவரும் இதிலிருந்து தொடங்குவது நல்லது. இரண்டுக்கும் விதிகள் ஒன்றுதான். இதில் தப்புப் பண்ணினால் ஒரு ஃபியூஸோடு போகும்.

முதலில் கணக்கு. ஏக்கருக்கு 200 லிட்டர் மருந்துக் கரைசல் என்றால் 16 லிட்டர் டேங்கில் பன்னிரண்டரை டேங்க். ஒரு டேங்க் காலியாகப் பத்துப் பன்னிரண்டு நிமிடம் என்று வைத்தால், மோட்டார் இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஓட வேண்டும். சாதாரணமாக அது இழுப்பது 2 முதல் 3 ஆம்பியர். தன் ஸ்பிரேயர் எவ்வளவு இழுக்கிறது என்பதை மல்டிமீட்டரை 10 ஆம்பியர் துளையில் செருகி, தண்ணீர் அடித்தபடியே பார்த்துக் குறித்துக்கொள்ளலாம். ஆக, ஏக்கருக்குத் தேவை சுமார் 5 முதல் 6 ஆம்பியர்-மணி. 8 என்று ஸ்டிக்கர் ஒட்டிய ஈய பேட்டரி போதாதா என்று கேட்கலாம். அந்த 8, இருபது மணி நேரத்தில் மெதுவாக இறக்கினால் கிடைப்பது. 3 ஆம்பியர் வேகத்தில் உறிஞ்சினால் அவ்வளவு வராது. லித்தியத்தில் இந்த நஷ்டம் மிகக் குறைவு. அதனால் 6 ஆம்பியர்-மணி லித்தியம், 8 ஆம்பியர்-மணி ஈயத்தின் வேலையைத் தாராளமாகப் பார்க்கும். எடையிலும் பெரிய வித்தியாசம்: ஈயம் 2 கிலோவுக்கு மேல், நாலு லித்தியம் செல் சேர்ந்து 600 கிராமுக்குள். சேற்றில் கால் புதைய நடப்பவரின் முதுகுக்கு அந்த வித்தியாசம் தெரியும்.

எந்த லித்தியம்?

லித்தியம் என்பது ஒரே பொருளல்ல, ஒரு குடும்பப் பெயர். லேப்டாப்பிலும் பல ஸ்கூட்டர்களிலும் இருப்பது நிக்கல், மாங்கனீஸ், கோபால்ட் கலந்த வகை. நிறைந்த செல் 4.2 வோல்ட் காட்டும். இந்த வேலைக்கு வேண்டியது அதுவல்ல, லித்தியம் இரும்பு பாஸ்பேட். கடைக்காரர் வாயில் எல்எஃப்பி. இதன் பெயரளவு 3.2 வோல்ட், நிறைந்தால் 3.65, காலியானால் 2.5. நாலைத் தொடராக இணைத்தால் 12.8 வோல்ட் கிடைக்கும். ஈய பேட்டரிக்காகச் செய்த மோட்டாருக்கு அளவெடுத்துத் தைத்த சட்டை மாதிரிப் பொருந்தும்.

இரும்பு பாஸ்பேட்டை மின்முனையாக்கலாம் என்று 1997-இல் ஆய்வுக் கட்டுரை எழுதியவர்கள் டெக்சாஸ் பல்கலைக்கழகத்தின் ஜான் குட்இனஃப், அவரோடு வேலை பார்த்த பாதி என்பவர், நஞ்சுண்டசுவாமி ஆகியோர். பின்னவர்கள் இருவரும் இந்தியர்கள். குட்இனஃப் லித்தியம்-அயனி பேட்டரி ஆராய்ச்சிக்காக 2019-இல் நோபல் பரிசு பெற்றபோது அவருக்கு வயது 97. நம் பக்கத்திலும் இதற்கொரு வேர் உண்டு. காரைக்குடியில் அழகப்பச் செட்டியார் 300 ஏக்கர் நிலமும் 15 லட்சம் ரூபாயும் கொடுக்க, 1948-இல் அடிக்கல் நாட்டப்பட்ட மத்திய மின்வேதியியல் ஆராய்ச்சி நிலையம், உள்நாட்டிலேயே லித்தியம்-அயனி செல் செய்யும் முறையை உருவாக்கி, 2018-இல் அதைத் தனியார் நிறுவனம் ஒன்றுக்குக் கைமாற்ற ஒப்பந்தம் போட்டது.

இரும்பு பாஸ்பேட்டின் பெருமை அதன் பொறுமை. அதில் ஆக்சிஜன் பாஸ்பரஸை இறுகப் பிடித்துக்கொண்டிருப்பதால், செல் சூடேறினாலும் எளிதில் கழன்று தீக்குத் துணைபோகாது. தீயே பிடிக்காது என்று இதற்கு அர்த்தமில்லை. 2022 மார்ச்சில் வேலூரில், வீட்டில் சார்ஜ் போட்டிருந்த மின் ஸ்கூட்டர் இரவில் எரிந்து, ஒரு தந்தையும் மகளும் புகையில் சிக்கி இறந்தார்கள். அந்த ஆண்டில் பல ஊர்களில் வண்டிகள் எரிந்த பிறகு, ஏஐஎஸ்-156 என்ற பேட்டரிப் பாதுகாப்பு விதிகள் இறுக்கப்பட்டு, 2022 டிசம்பரிலும் 2023 மார்ச் இறுதியிலுமாக இரண்டு கட்டமாக நடைமுறைக்கு வந்தன. வண்டிக்கு வீட்டில் பேட்டரி கட்டும் யோசனையை இந்தப் புத்தகம் எங்கும் சொல்லாததற்குக் காரணம் இதுதான்.

செல் வாங்குவது

ஸ்பிரேயர் அறைக்குள் அடங்குவது 32700 என்ற உருளைச் செல். விட்டம் 32 மில்லிமீட்டர், நீளம் 70. ஒன்றின் கொள்ளளவு 6 ஆம்பியர்-மணி. சென்னை ரிச்சி தெருவில் கிடைக்கும், இணையத்திலும் கிடைக்கும். நாலும் ஒரே கம்பெனி, ஒரே வரிசையாக இருக்க வேண்டும். இந்தச் சந்தையில் பொய்க்குப் பஞ்சமில்லை. விரல்பருமன் 18650 செல்லில் 9,900 மில்லிஆம்பியர்-மணி என்று அச்சடித்து விற்கிறார்கள். அந்த அளவுச் செல்லில் உலகின் நல்ல கம்பெனிகளே 3,600 பக்கம்தான் நிற்கின்றன. பொய்யைப் பிடிக்கத் தராசே போதும். 32700 செல் 140 கிராம் பக்கம் இருக்க வேண்டும். 100 கிராமில் ஒன்று வந்தால் உள்ளே என்ன இருக்கிறது என்று ஆராயாமல் திருப்பி அனுப்பிவிடலாம். பழைய பேட்டரியைப் பிரித்தெடுத்த செல்லுக்குப் புது உறை போட்டு விற்பதும் நடக்கிறது. முனையில் பழைய வெல்டிங் புள்ளியைத் தேய்த்த தடம் இருந்தால் அது அந்த ரகம்.

இனி, செல்கள் ஏன் ஒத்த ஜோடியாக இருக்க வேண்டும் என்ற விஷயம். இதில் கொஞ்சம் நின்று போவது நல்லது, ஏனென்றால் வீட்டில் கட்டும் பேட்டரிகள் கெடுவது பெரும்பாலும் இங்கேதான். நாலு குதிர் இருப்பதாக வைத்துக்கொள்ளலாம். போடும்போது நாலிலும் ஆளுக்கொரு மரக்கால் நெல் போட வேண்டும், எடுக்கும்போதும் நாலிலிருந்தும் ஒவ்வொரு மரக்கால் எடுக்க வேண்டும். மூன்று குதிர் அறுபது மரக்கால் கொள்ளும், ஒன்று ஐம்பதுதான். ஐம்பத்தோராவது மரக்கால் சின்னக் குதிரிலிருந்து தரையில் சிந்தும். எடுக்கும்போது அது ஐம்பதோடு காலியாகிவிடும், மற்ற மூன்றில் நெல் கிடந்தாலும் கணக்கு அங்கேயே நின்றுவிடும். தொடர் இணைப்பில் நாலு செல்லிலும் ஓடுவது ஒரே மின்னோட்டம் என்பதால் செல்லுக்கும் இதே கதிதான். நெல் சிந்தினால் கூட்டி அள்ளிக்கொள்ளலாம். செல் நிரம்பி வழிந்தால் அது சூடாக, வாயுவாக வெளிவரும்.

கொள்ளளவு சமமாக இருந்தாலும் இன்னொரு சிக்கல் உண்டு. ஒரு குதிரில் ஏற்கெனவே பத்து மரக்கால் கிடந்தால், அதுதான் முதலில் வழியும். அதனால் இணைக்கும் முன் நாலையும் ஒரே மட்டத்துக்குக் கொண்டுவர வேண்டும். ஒற்றை எல்எஃப்பி செல் சார்ஜரில் ஒவ்வொன்றாக 3.65 வோல்ட் வரை நிரப்புவது எளிய வழி. எங்கும் மலிவாகக் கிடைக்கும் டிபி4056 பலகையை இதற்குப் பயன்படுத்தக் கூடாது, அது 4.2 வோல்ட் வரை ஏற்றும். நிரப்பிய செல்களை ஒரு வாரம் அப்படியே வைத்துவிட்டு வோல்ட் பார்க்க வேண்டும். மூன்று ஒன்றாக நிற்க, ஒன்று மட்டும் இறங்கியிருந்தால், அந்தச் செல்லுக்குள் கசிவு இருக்கிறது. பொறுமையில்லாமல் இந்த ஒரு வாரத்தைத் தாண்டிப் போகிறவர்கள்தான் ஆறு மாதத்தில் எல்லாவற்றையும் பிரிக்கிறார்கள்.

இணைப்பது

செல்லின் முனையில் சாதாரண சால்டரிங் அயர்னை வைத்து ஈயம் ஊற்றக் கூடாது. அந்தச் சூடு உள்ளே இறங்கி, முனையை அடைத்திருக்கும் ரப்பரையும் உள்தாளையும் சுட்டுவிடும். நிக்கல் பட்டையை ஸ்பாட் வெல்டிங் செய்வதுதான் முறை. தஞ்சாவூரிலோ திருச்சியிலோ மின்வண்டி பேட்டரி பழுது பார்க்கும் கடையில் கேட்டால் நாலு செல்லுக்கு வெல்டிங் வைப்பது பத்து நிமிட வேலை. பட்டை 0.15 மில்லிமீட்டர் தடிமன், 8 மில்லிமீட்டர் அகலம் இருந்தால் 4 ஆம்பியருக்குத் தாராளம். நிக்கல் முலாம் பூசிய இரும்பையே நிக்கல் என்று கொடுத்துவிடுவதுண்டு. ஒரு துண்டை அரத்தால் கீறி உப்புத் தண்ணீரில் ஒரு நாள் போட்டுவைத்தால் இரும்பு துருவைக் காட்டிக்கொடுத்துவிடும்.

செல்களை இரண்டுக்கு இரண்டாகச் சதுரமாக அடுக்கி, முனைகளை மாற்றி மாற்றி நிறுத்த வேண்டும்: முதல் செல்லின் பிளஸ் மேலே, இரண்டாவதன் மைனஸ் மேலே, மூன்றாவதன் பிளஸ் மேலே, நாலாவதன் மைனஸ் மேலே. மேல்பக்கம் இரண்டு பட்டை: ஒன்றின் பிளஸையும் இரண்டின் மைனஸையும் ஒன்று சேர்க்கும், மூன்றின் பிளஸையும் நாலின் மைனஸையும் மற்றொன்று சேர்க்கும். கீழே ஒரே பட்டை, இரண்டின் பிளஸிலிருந்து மூன்றின் மைனஸுக்கு. கீழே மிச்சமாக நிற்கும் இரண்டு முனைகள், ஒன்றின் மைனஸும் நாலின் பிளஸும், பேட்டரியின் வாசல்கள். சதுர அடுக்கில் இந்த இரண்டும் அக்கம்பக்கத்தில் வந்து நிற்கும், இடையில் 12.8 வோல்ட் இருக்கும். அங்கே மின்காப்புத் தாளான பார்லி பேப்பரைக் குறுக்கே வைக்காமல் அடுத்த வேலைக்குப் போகக் கூடாது. செல்லின் பிளஸ் முனையைச் சுற்றியும் பார்லி பேப்பர் வளையம் வேண்டும். அங்கே பிளஸுக்கும் செல்லின் உடம்பான மைனஸுக்கும் நடுவில் இருப்பது மெல்லிய பிளாஸ்டிக் உறை மட்டும்தான். வெல்டிங் வைக்கும்போது கை மோதிரம், வாட்ச், வெள்ளிக் காப்பு எல்லாம் கழற்றி வைத்துவிட வேண்டும்.

அடுத்தது பிஎம்எஸ் பலகை, குதிர்களின் காவல்காரன். ஒவ்வொரு செல்லையும் தனித்தனியே பார்த்து, ஒன்று நிரம்பினால் சார்ஜையும், ஒன்று காலியானால் வெளியோட்டத்தையும் நிறுத்துவது இதன் வேலை. நாலு செல்லுக்கானது, எல்எஃப்பிக்கானது என்று இரண்டையும் சொல்லிக் கேட்டு வாங்க வேண்டும். 4.2 வோல்ட் வகைப் பலகையும் பார்வைக்கு இதே மாதிரிதான் இருக்கும். அதை மாட்டினால் எல்எஃப்பி செல் நிரம்பி வழிந்தாலும் காவல்காரன் தூங்கிக்கொண்டிருப்பான். ஸ்பிரேயருக்கு 20 ஆம்பியர் பலகை போதும்.

ஒயரிங்கில் வரிசைதான் எல்லாம். முதலில் பேட்டரியின் மைனஸிலிருந்து தடித்த ஒயர், பலகையின் பி மைனஸுக்கு. பிறகு பி1, பி2, பி3 என்று ஒவ்வொரு இணைப்புப் பட்டையிலிருந்தும் மெல்லிய ஒயர், கடைசியில் பி பிளஸ். பலகையில் செருகும் சாக்கெட் இருந்தால், செருகும் முன் மல்டிமீட்டரின் கறுப்பு முனையைப் பேட்டரி மைனஸில் வைத்து, சிவப்பு முனையால் சாக்கெட்டின் துளைகளை வரிசையாகத் தொட வேண்டும். 3.3, 6.6, 9.9, 13.2 என்று படிக்கட்டு மாதிரி ஏறினால் சரி. ஏறி இறங்கினால் இரண்டு ஒயர் இடம் மாறியிருக்கிறது. அந்த நிலையில் செருகினால் பலகையிலிருந்து ஒரு சின்னப் புகை கிளம்பும், அடுத்த பலகைக்கு ஆர்டர் போட வேண்டியதுதான். சில பலகைகள் எல்லாம் சரியாக இணைத்த பிறகும் வெளியே வோல்ட் காட்டாது. ஒருமுறை சார்ஜரைக் காட்டினால் விழித்துக்கொள்ளும்.

பிஎம்எஸ் இருக்கிறதே, ஃபியூஸ் எதற்கு என்று கேட்பவர்கள் உண்டு. பலகையில் சுவிட்சாக வேலை செய்யும் மாஸ்ஃபெட் கெட்டால் பெரும்பாலும் ஷார்ட் ஆகித்தான் கெடும், அதாவது கதவு திறந்தே கிடக்கும். கார், பைக்கில் போடும் 10 ஆம்பியர் பிளேடு ஃபியூஸை ஹோல்டரோடு பிளஸ் ஒயரில், செல்லுக்கு எவ்வளவு பக்கத்தில் முடியுமோ அவ்வளவு பக்கத்தில் வைக்க வேண்டும். தூரத்தில் வைத்தால் செல்லுக்கும் ஃபியூஸுக்கும் நடுவில் உள்ள ஒயரை எலி கடித்தால் காப்பாற்ற யாரும் இல்லை. டெல்டாவில் எலி கடிக்காத ஒயர் எங்கே இருக்கிறது?

பழைய சார்ஜரைத் தூக்கி வைத்துவிட வேண்டும். புதிதாக 14.6 வோல்ட், 2 ஆம்பியர் எல்எஃப்பி சார்ஜர் வாங்கினால் மூன்று, மூன்றரை மணி நேரத்தில் நிரம்பும். வெயிலில் வரப்பில் கிடந்த ஸ்பிரேயரைக் கொண்டுவந்த சூட்டோடு சார்ஜ் போடாமல் நிழலில் ஆறவிட்டுப் போட வேண்டும். போடும் இடம் வைக்கோல் போருக்கும் கீற்றுக்கொட்டகைக்கும் எட்டி, ஆள் படுக்கும் அறைக்கு வெளியே, சிமெண்ட் தரையில் இருக்கட்டும்.

ஸ்பிரேயரின் அடியறை பேட்டரிக்கு நல்ல வீடல்ல. மேலே டேங்க், குழாய் இணைப்பில் கசிவு, மருந்தின் காரம். வெறும் ஹீட் ஷ்ரிங்க் உறை போதாது. மூடியுள்ள பிளாஸ்டிக் டப்பாவில் செல்கள் ஆடாதபடி ஸ்பாஞ்ச் வைத்து, ஒயர் வெளியே வரும் துளையை மட்டும் சிலிக்கோனால் அடைக்கலாம். டப்பா முழுக்கச் சிலிக்கோன் ஊற்றி நிரப்பும் பழக்கம் சிலருக்கு உண்டு. செல்லுக்குள் அழுத்தம் ஏறினால் திறக்க வேண்டிய காற்றுப்போக்கி அப்போது அடைபட்டுவிடும்.

சோதனைக்கு மெக்கானிக் கடையில் கிடைக்கும் பைக் முகப்பு விளக்கு பல்பு, 12 வோல்ட் 35 வாட், மிகப் பொருத்தம். நிறைந்த பேட்டரியில் அதன் ஒரு இழையை மட்டும் இணைத்து மணி பார்க்க வேண்டும். இரண்டு மணி நேரம் பக்கம் எரிந்து பட்டென்று அணைந்தால் 6 ஆம்பியர்-மணி உண்மை. ஒரு மணி நேரத்தில் அணைந்தால், உடனே நாலு செல்லின் வோல்ட்டையும் தனித்தனியே பார்க்க வேண்டும். மற்றவை 3.2-இல் நிற்க ஒன்று மட்டும் 2.5-க்கு விழுந்திருந்தால் அதுதான் சின்னக் குதிர். சார்ஜ் முடிந்து 14.6 காட்டிய பேட்டரி கொஞ்ச நேரத்தில் 13.4 பக்கம் இறங்குவதைப் பார்த்துப் பயப்படத் தேவையில்லை, எல்எஃப்பியின் இயல்பே அது. இதே இயல்பால் இன்னொரு குழப்பமும் வரும். ஸ்பிரேயர் முகப்பில் உள்ள சார்ஜ் மீட்டர் ஈயத்துக்காகச் செய்தது. லித்தியம் கடைசி வரை வோல்ட்டை விட்டுக்கொடுக்காததால், அது ‘ஃபுல்’ என்றே காட்டிக்கொண்டிருந்து திடீரென்று கைவிரிக்கும். மீட்டரை மறந்துவிட்டு டேங்கை எண்ணுவது மேல். இதற்கு நல்ல பக்கமும் உண்டு: முதல் டேங்கில் இருந்த அழுத்தமே பன்னிரண்டாவது டேங்கிலும் இருக்கும்.

வீட்டுக்குப் பெரியது

2018 நவம்பர் 16 அதிகாலை கஜா புயல் கரையேறியபோது தஞ்சை மாவட்டத்தின் தெற்கே பட்டுக்கோட்டை, பேராவூரணிப் பக்கமெல்லாம் மின்கம்பங்கள் சாய்ந்து, பல கிராமங்கள் வாரக்கணக்கில் இருட்டில் கிடந்தன. அதை நினைத்தவர்களுக்கு வீட்டில் பெரிய பேட்டரி ஆசை வருவது நியாயம். 100 ஆம்பியர்-மணிச் சதுரச் செல் நாலு போதும்: 1,280 வாட்-மணி. பிஎல்டிசி மின்விசிறி ஒன்றும் மூன்று எல்இடி பல்புமாக 60 வாட் என்றால் 15 மணி நேரத்துக்கு மேல் தாங்கும்.

விதிகள் அதே விதிகள்தான், ஆபத்தின் அளவு மட்டும் வேறு. 600 வாட் இன்வெர்ட்டர் முழு லோடில் 60 ஆம்பியர் இழுக்கும், அதற்கு 16 சதுர மில்லிமீட்டர் செம்பு ஒயர் வேண்டும். கையிலிருந்து நழுவிய ஸ்பேனர் இரண்டு முனைகளுக்கும் குறுக்கே விழுந்தால் ஆயிரக்கணக்கான ஆம்பியர் பாய்ந்து இரும்பு உருகித் தெறிக்கும். பிளேடு ஃபியூஸ் அங்கே பொம்மை. அவ்வளவு பெரிய நேர்மின்னோட்டத்தை அறுக்கத் தெரிந்த கிளாஸ்-டி ஃபியூஸ் தேவை. வீட்டுச் சுவரில் இருக்கும் ஏசி எம்சிபி இதற்கு ஆகாது, அதற்குள் எழும் நேர்மின் பொறி அணையாமல் நீண்டுகொண்டே போகும். ஈய பேட்டரிக்கென்று செய்த இன்வெர்ட்டர் எத்தனை வோல்ட் வரை ஏற்றுகிறது என்று மீட்டரில் பார்க்காமல் இணைக்கவும் கூடாது. 14.4-ஐத் தாண்டாமல், ஈக்வலைசேஷன் இல்லாமல் வைக்க வழியிருந்தால்தான் அது லித்தியத்துக்கு உதவும். நாலு சின்னச் செல்லில் ஒரு போகம் முழுக்க ஓட்டிப் பார்த்தவர் இந்தப் பெரிய வேலையில் இறங்கலாம். முதல் பேட்டரியையே இப்படிக் கட்ட நினைப்பவர், ரெடிமேடாக வாங்கிவிடுவது நல்லது.

வீங்கிய செல், டப்பா நசுங்கிய செல் இரண்டையும் மறுபடி சார்ஜ் போட்டுப் பார்க்கும் ஆசை வேண்டாம். வாய்க்கால் கரையில் எறிவதும் தாளோடு சேர்த்துக் கொளுத்துவதும் அதைவிட மோசம். 2022-இன் பேட்டரிக் கழிவு விதிகள் உற்பத்தியாளர்களே பழையதைத் திரும்பப் பெற வேண்டும் என்கின்றன. முனைகளில் டேப் ஒட்டி, மணல் நிரப்பிய தகர டப்பாவில் வைத்து, பேட்டரிக் கழிவு வாங்கும் கடையில் கொடுத்துவிட வேண்டும்.

சம்பா அறுவடை முடிந்து பரணில் ஏற்றும்போது பேட்டரி நிறைந்திருக்கக் கூடாது, காலியாகவும் இருக்கக் கூடாது. பாதிச் சார்ஜ், 13.2 வோல்ட் பக்கம் போதும். ஃபியூஸைக் கழற்றி ஸ்பிரேயர் மூடியிலேயே டேப் போட்டு ஒட்டிவிடலாம். டப்பாமேல் தேதியையும் வோல்ட்டையும் எழுதிவைத்து மூன்று மாதத்துக்கு ஒருமுறை மீட்டர் வைத்துப் பார்க்க வேண்டும், ஏனென்றால் பிஎம்எஸ் பலகை சும்மா இருக்கும்போதும் கொஞ்சம் கொஞ்சமாகச் செல்லைக் குடித்துக்கொண்டிருக்கும். புதாற்றில் தண்ணீர் வந்து அடுத்த குறுவைக்கு இறக்கும் நாளில் முதல் டேங்க் வெறும் தண்ணீர். அதைக் கொல்லையில் அடித்து முடித்துவிட்டு, அடியறையைத் திறந்து ஃபியூஸ் ஹோல்டரையும் ஒயர் இணைப்புகளையும் புறங்கையால் தொட்டுப் பார்க்க வேண்டும். ஏதாவது ஒன்று சுட்டால் அன்றைக்கு வயலுக்குக் கைத்தெளிப்பான்.